எங்கள் எம்.பி.யின் மேலதிகாரி

1

இந்தக் குறிப்பு என் மகளின் வீட்டுப்பாடத்தில் தொடங்குகிறது.

கயலுக்குப் பள்ளியில் குடிமையியல் பாடத்துக்காக ஒரு வேலை கொடுத்திருந்தார்கள். தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினரை நேரில் சந்தித்து ஒரு கேள்வி கேட்க வேண்டும். கிடைத்த பதிலை எழுதி வர வேண்டும். கிழக்கு ஜெர்மனியில் நாங்கள் வாழும் இந்தச் சிறுநகரில் உறுப்பினர் மாதந்தோறும் கடைத்தெருவிலுள்ள தம் அலுவலகத்தில் மக்களைச் சந்திக்கிறார். அந்தச் சந்திப்புக்கு ஜெர்மனில் ஒரு சொல் உண்டு. கயல் அதை அப்படியே தமிழுக்குக் கொண்டுவந்தாள்.

"அம்மா, வியாழக்கிழமை எம்.பி.யோட பேசும் மணி. நீயும் வா."

அவளுடைய தமிழ் இப்போதெல்லாம் இப்படித்தான் இருக்கிறது. சொற்கள் நம்முடையவை, அவை வரிசையில் நிற்கும் விதம் இந்த ஊருடையது. முன்பு உடனுக்குடன் திருத்துவேன். திருத்தத் திருத்த அவள் பேச்சு குறைந்ததைக் கண்டபின் நிறுத்திக்கொண்டேன். 'பேசும் மணி' எனக்குப் பிடித்தும் இருந்தது.

"நான் எதுக்கு? உனக்குத்தானே வீட்டுப்பாடம்."

"உனக்கு பஸ் பிரச்சினை இருக்குதே. நீ அத கேளு."

நான் பணிபுரிவது நகரின் ஓரத்திலுள்ள ஒரு முதியோர் இல்லத்தில். அங்கு வந்துகொண்டிருந்த அதிகாலைப் பேருந்தை நிறுத்திவிட்டார்கள். காலை ஷிப்டுக்கு வரும் பெண்கள் இருட்டில், உறைபனியில் வழுக்கி வழுக்கி நடந்து வருகிறார்கள். வீட்டில் இதைப் பற்றி நான் புலம்பாத நாளில்லை.

"எனக்கு இங்க ஓட்டு இல்லையே, கண்ணு. நான் போய்க் கேட்டா நல்லா இருக்காது. எங்க இல்லத்து நிர்வாகிகிட்டச் சொல்லி, அவங்க கையெழுத்தோட ஒரு கடிதம் வாங்கிக்கிட்டுப் போனா..."

நான் முடிப்பதற்குள் கயல் விழுந்து விழுந்து சிரிக்கத் தொடங்கினாள்.

"அம்மா! நீ அப்படியே தாத்தா!"

அவள் எதைச் சொல்கிறாள் என்பது எனக்கு உடனே புரிந்தது. உங்களுக்குப் புரிய வேண்டுமானால் மந்தாரக்குப்பத்துக்குப் போக வேண்டும்.

2

நெய்வேலி நகரியத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு அரசாங்கம் தொலைவிலுள்ள ஒன்று. நிலக்கரி நிறுவனம்தான் அருகில் இருப்பது. குழாயில் தண்ணீர் வரவில்லையா, மின்கம்பிமேல் மரக்கிளை சாய்ந்துவிட்டதா, கூரை ஒழுகுகிறதா, எல்லாவற்றுக்கும் நிறுவனத்தின் அலுவலகம் இருந்தது. பள்ளியும் மருத்துவமனையும் பூங்காவும் அப்படியே. எம்.பி., எம்.எல்.ஏ. போன்றோர் சுற்றுவட்டக் கிராமத்து மக்களுக்கானவர்கள் என்று எங்கள் பிளாக்கில் எல்லாரும் நினைத்திருந்தோம். தேர்தலன்று வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வரிசையில் நிற்போம். விரல் மை அழிவதற்குள் வாக்களித்தது யாருக்கு என்பதும் மறந்துவிடும்.

அந்த வாழ்க்கை எங்களுக்கு ஒரு பழக்கத்தையும் கொடுத்தது. எந்தக் கோரிக்கையும் படிப்படியாகத்தான் மேலே போக வேண்டும். நேரடி அதிகாரி பார்த்துக் கையெழுத்திட்டு அனுப்பாத தாளுக்கு உயிர் கிடையாது. 'த்ரூ ப்ராப்பர் சேனல்' என்பது அப்பாவின் வாயில் அடிக்கடி வரும் சொல். கல்லூரி முடித்துச் சமூகப்பணி முதுகலை படிக்க விரும்புகிறேன் என்று அவரிடம் நேரே சொன்னபோது, "மொதல்ல அம்மா பாக்கட்டும். அவ ஃபார்வர்டு பண்ணா நான் சாங்ஷன் பண்றேன்" என்றார். பாதிதான் விளையாட்டு.

அவர் சுரங்கத்தில் நிலத்தடி நீர் இறைக்கும் பிரிவில் இருந்தவர். பழுப்பு நிலக்கரிப் படிவத்துக்கு அடியில் தண்ணீர் அழுத்தத்தோடு நிற்கிறது. இரவும் பகலும் இறைக்காவிட்டால் சுரங்கம் முழுகிவிடும். அப்பாவின் பணிக்காலம் முழுவதும் அந்தத் தண்ணீரை மேலே ஏற விடாமல் வைத்திருப்பதில் கழிந்தது.

ஓய்வுபெற்றால் குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும் என்பது பிறந்த நாளிலிருந்தே எங்களுக்குத் தெரியும். தெரிந்திருந்தும், சாவியை ஒப்படைத்த அன்று அப்பா அந்த வாசலில் வெகுநேரம் நின்றார். பிறகு நகரியத்துக்கு வெளியே மந்தாரக்குப்பத்தில், ரயில் பாதைக்கு அந்தப் புறம் புதிதாக உருவான தெருவொன்றில் சிறிய வீடு கட்டிக் குடியேறினார்கள். அங்கே தெருவிளக்கு எரியவில்லை என்றால் யாரிடம் போய்ச் சொல்வது என்று அவருக்குத் தெரியவில்லை. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற அன்றுதான் அவர் முதன்முறையாக வெறும் குடிமகனாக ஆனார் என்று பின்னாளில் எனக்குத் தோன்றியது.

3

அந்தத் தெருவிலிருந்து ஊருக்குள் வர ரயில் பாதையின் அடியில் ஒரு சுரங்கப்பாதை உண்டு. ஐப்பசி மழை பிடித்தால் அது குளமாகிவிடும். பெரியவர்களுக்கு இடுப்பளவு, பிள்ளைகளுக்கு மார்பளவு. சுற்றிக்கொண்டு போகும் சாலை நெடுந்தூரம். அதுவும் மழையில் சேறாகிவிடும்.

அம்மாவுக்குச் சிறுநீரகம் பழுதாகியிருந்தது. வாரத்தில் சில நாட்கள் ரத்தச் சுத்திகரிப்புக்குப் போக வேண்டும். மருத்துவமனை பாதைக்கு மறுபக்கம், ஊருக்குள். ஒரு முறை தவறினாலும் மூச்சு முட்டும், கால் வீங்கும். இதில் ஒத்திப்போடுதல் என்பதே இல்லை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மழைக்காலத்தில், சிறுமியாக இருந்த கயலோடு நான் விடுமுறையில் ஊரில் இருந்தேன். பக்கத்து வீட்டு ஏழுமலைதான் அம்மாவைத் தன் ஆட்டோவில் அழைத்துப் போவார். அன்று சுரங்கப்பாதையின் வாயில்வரை வந்து வண்டியை நிறுத்தினார். உள்ளே செங்காவித் தண்ணீர் சுவரைத் தொட்டுக்கொண்டு நின்றது.

"என்னா மாமா," என்றார் அப்பாவைப் பார்த்து, "அம்மாம் பெரிய மைன்ஸையே காய வெச்ச ஆளு நீங்க. இந்தக் குட்டையக் காய வெக்க முடியலயா?"

"அங்க பம்பு இருந்துச்சி, கரண்டு இருந்துச்சி. இங்க என்னா இருக்குது? உன் வாயிதான் இருக்குது. வண்டியத் திருப்புடா."

அன்று சுற்றுவழியில் போய்ச் சேர்ந்தபோது அம்மாவின் முகம் வெளுத்துவிட்டிருந்தது. திரும்பி வந்ததும் அப்பா தாளும் பேனாவுமாக உட்கார்ந்தார்.

எங்கள் தொகுதிக்கு அப்போதுதான் புதிய நாடாளுமன்ற உறுப்பினர் வந்திருந்தார். குறிஞ்சிப்பாடிப் பக்கத்திலிருந்து வந்த பெண் வழக்கறிஞர். ஒப்பந்தத் தொழிலாளர் வழக்குகளை நடத்திப் பெயர் பெற்றவர். அவர் மனு வாங்கும் முறையே வேறு. மாதம் ஒரு நாள், முதல் ஷிப்ட் முடிந்து ஆட்கள் வெளியே வரும் நேரத்தில், மந்தாரக்குப்பம் பேருந்து நிலையத்தில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிடுவார். மனுவை யாரும் கையில் திணித்துவிட்டுப் போக முடியாது. எல்லார் காதிலும் விழும்படி வாயால் சொல்ல வேண்டும். அடுத்த மாதம் அதே இடத்தில், அதே கூட்டத்தின் முன்னால், அவர் கணக்கு ஒப்பிப்பார். அந்தக் கணக்கு எப்போதும் "மொதல்ல, முடியாதது" என்றுதான் ஆரம்பிக்கும். என்ன கேட்டேன், யார் மறுத்தார், ஏன் நடக்கவில்லை என்பதையெல்லாம் சொல்லி முடித்த பிறகே நடந்தவற்றுக்கு வருவார்.

அப்பாவோடு நானும் போனேன். அப்பா தட்டச்சு செய்த மனுவை இரண்டு கைகளாலும் நீட்டினார். எம்.பி. வாங்கிப் பார்த்தார். புருவம் சுருங்கியது.

"கீழ இது யாரு கையெழுத்துங்கய்யா?"

"எங்க செக்ஷன் ஆபீசருங்கம்மா."

"நீங்க ரிட்டயர்டுன்னு எழுதியிருக்கீங்களே."

"ஆமாங்கம்மா."

"அப்புறம் அவரு எதுக்குக் கையெழுத்து போட்டாரு?"

"மேலிடத்துக்கு எழுதுறதுங்களே. த்ரூ ப்ராப்பர் சேனல்தானே வரணும்."

அப்போதுதான் எனக்கும் விஷயம் தெரிந்தது. முந்தின நாள் அப்பா தம் பழைய பிரிவுக்குப் போய், அங்கு புதிதாக வந்திருந்த இளைய அதிகாரியிடம் எம்.பி.க்கான மனுவை நீட்டியிருக்கிறார். அந்தப் பிள்ளை, எதற்கென்று விளங்காமலே, வயதுக்கு மரியாதை கொடுத்துக் கையெழுத்திட்டு முத்திரையும் குத்தி அனுப்பியிருக்கிறார். நகரியத்தில் வாழ்ந்தவர்கள் மட்டுமே செய்யக்கூடிய பிழை அது.

கூட்டம் சிரித்தது. எம்.பி.யும் உதட்டைக் கடித்துக்கொண்டார்.

"ஐயா, ஒண்ணு கேக்கட்டுமா? நீங்க எனக்கு ஓட்டுப் போட்டீங்களா?"

அப்பா நிமிர்ந்து நின்றார். "அது ரகசியங்கம்மா."

அங்கே எழுந்த சிரிப்பில் புறப்படவிருந்த பேருந்தின் நடத்துநர்கூட எட்டிப் பார்த்தார். சிரிப்பு அடங்கியதும் எம்.பி. மனுவை மடித்து அப்பாவிடமே திருப்பிக் கொடுத்தார்.

"போட்டாலும் போடலன்னாலும் நீங்கதான் எனக்கு மேலதிகாரி. தனக்குக் கீழ வேலை செய்றவகிட்டப் பேசறதுக்கு மேலதிகாரி யார்கிட்டயாவது கையெழுத்து வாங்குவாரா? பேப்பர பையில வெச்சிகினு வாயால சொல்லுங்க. சத்தமா சொல்லுங்க."

அப்பா எல்லாவற்றையும் எழுதித்தான் சொல்லிப் பழகியவர். மனுவைப் பையில் வைத்தார். பிறகு சொன்னார்: "எங்க வூட்டம்மாவ ஆஸ்பத்திரிக்குக் கூட்டிகினு போவ முடியலம்மா. தண்ணி நிக்கிது."

அவ்வளவுதான். ஒரு பக்க மனுவில் இருந்ததைவிட அதில் அதிகம் இருந்தது.

4

எம்.பி. உடனே சுரங்கப்பாதையைச் சரிசெய்துவிட்டார் என்று எழுத எனக்கும் ஆசைதான். அப்படி நடக்கவில்லை.

தண்ணீரை வெளியேற்றுவது உள்ளூர் நிர்வாகத்தின் வேலை என்றது ஒரு தரப்பு. பாதையைக் கட்டியவர்களின் வேலை என்றது இன்னொரு தரப்பு. அன்று கூட்டத்திலேயே ஏழுமலை ஒரு குறுக்குவழி சொன்னார். பெரிய மோட்டாரை வைத்துக் கிழக்குப் பக்கம் தள்ளிவிட்டால் ஒரு பகலில் வற்றிவிடும். எம்.பி. மறுத்தார்.

"கெழக்கால பள்ளம். நடவு முடிஞ்சி நாத்து தலை தூக்கிகினு இருக்குது. இதத் தள்ளினா அது முழுவிடும்."

"அப்ப ஒரு உசுரவிட நாத்து பெருசாங்கம்மா?" என்று அப்பா கேட்டார். அவர் குரலில் அத்தகைய கடுமையை நான் கேட்டதேயில்லை. என் மனதிலும் அதே கேள்விதான். ஒரு செயலின் விளைவு யார் தலையில் விழுகிறது என்று எண்ணிப் பார்க்கவே என்னைப் படிக்க வைத்திருந்தார்கள். ஆனால் அம்மாவின் வீங்கிய பாதங்களைப் பார்த்துவிட்டு வந்திருந்த எனக்கு அன்று படிப்பு கைகொடுக்கவில்லை.

எம்.பி. குரலை உயர்த்தவில்லை. "அந்த நெலத்துக்காரங்க இன்னிக்கி இங்க வர்ல. வந்திருந்தா அவங்களும் சத்தமாத்தான் கேட்டிருப்பாங்க. இங்க இல்லாதவங்களுக்கும் சேத்துத்தானுங்கய்யா நான் எம்.பி. உங்க வூட்டம்மாவுக்கு வேற வழி பண்றேன்."

மழை ஓயும்வரை அவருடைய அலுவலக வண்டி சுற்றுவழியில் அம்மாவை அழைத்துப் போகும் என்பதே அந்த வேறு வழி. வண்டி தவறாமல் வந்தது. நான் நிம்மதியாக ஜெர்மனிக்குத் திரும்பினேன். நான் வந்து இறங்கிய வாரத்தில் ஒரு நாள் வண்டி வரவில்லை. கட்சித் தலைவர் ஒருவரை அழைத்துவரக் கடலூருக்குப் போய்விட்டதாம். ஏழுமலை கடைசியில் தன் ஆட்டோவிலேயே சேற்றில் தள்ளிக்கொண்டு போயிருக்கிறார். அம்மாவைத் தீவிரச் சிகிச்சையில் சேர்க்க வேண்டியதாயிற்று. இங்கே நான் கைப்பேசியைப் பிடித்துக்கொண்டு, பிழைத்துவிட்டார் என்ற சொல் வரும்வரை, இல்லத்து முதியவர் ஒருவருக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தேன்.

அடுத்த மாதக் கூட்டத்துக்கு அப்பா சண்டை போடவே போனார். என்ன பேச வேண்டும் என்று வீட்டிலேயே ஒத்திகை பார்த்தாராம். கூடப் போன ஏழுமலை பின்னர் எனக்குத் தொலைபேசியில் சொன்னது இது:

"மாமா எழுந்திரிக்கிறதுக்குள்ள எம்.பி. ஆரம்பிச்சிட்டாங்க. 'மொதல்ல, முடியாதது. ஒரு அம்மாவ ஆஸ்பத்திரிக்கு அனுப்பறேன்னு சொன்னேன். வண்டிய வேற வேலைக்கு அனுப்பினது டிரைவர் இல்ல, நான். அந்தம்மா சாவப் பாத்தாங்க. தப்பு என்னுது'ன்னாங்க. மாமா எழுந்திரிக்கவே இல்ல."

அன்றிரவு அப்பாவைத் தொலைபேசியில் அழைத்துக் கேட்டேன், ஏன் எதுவும் பேசவில்லை என்று.

"என்னான்னு பேசறது பாப்பா? இத்தன வருஷ சர்வீஸ்ல எனக்குக் கீழ இருந்தவன் எவனும் இப்பிடி வந்து சொன்னதில்ல. நானும் எனக்கு மேல இருந்தவங்ககிட்ட சொன்னதில்ல."

அந்த வண்டி பிறகு ஒரு நாளும் தவறவில்லை.

அடுத்து வந்த கூட்டத்தொடரில் எம்.பி. மக்களவையில் எழுந்து பேசினார். இல்லத்தின் ஓய்வறையில் தேநீர்க் கோப்பையோடு அந்தக் காணொளியைப் பார்த்தேன். ரயில் பாதைகளின் அடியில் நீர் தேங்கும் சுரங்கப்பாதைகளைப் பற்றிப் பேசும்போது, 'மந்தாரக்குப்பம்' என்ற பெயரை அவர் அழுத்தமாக, ஓர் எழுத்தும் சிதையாமல் உச்சரித்தார். எங்கள் தெருமுனைப் பெயர்ப்பலகையில்கூடச் சரியாக எழுதப்படாத பெயர் அது. என்ன பார்க்கிறாய், ஏன் அழுகிறாய் என்று கேட்ட சகபணியாளரிடம், "எங்கள் ஊருக்கு வருகைப்பதிவு எடுத்தார்கள்; எங்கள் ஆள் இருக்கிறேன் என்று சொன்னார்" என்றேன். என் அரைகுறை ஜெர்மனில் அது அவருக்கு என்னவாகப் புரிந்ததோ, என்னைக் கட்டிக்கொண்டார்.

எம்.பி. எல்லாவற்றையும் சாதித்தவர் அல்லர். சென்னைக்குப் போகும் விரைவு ரயில் எங்கள் நிலையத்தில் நிற்கும் என்றார், நிற்கவில்லை. ஒப்பந்தத் தொழிலாளரைப் பர்மனென்ட் ஆக்குவது பற்றிய அவருடைய கேள்விகளுக்குப் 'பரிசீலனையில் உள்ளது' என்ற பதில்தான் திரும்பத் திரும்ப வந்தது. அந்தத் தோல்விகளெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்? ஒவ்வொரு மாதமும் அவரே சொல்லித்தான். ஒரு பிரதிநிதியின் பதவிக்காலத்தை எடைபோட இதைவிட நேர்மையான ஒரு தராசை நான் கண்டதில்லை.

5

வியாழக்கிழமை கயலோடு போனேன். நிர்வாகியின் கையெழுத்தை வாங்கவில்லை.

வாசலில் ஒரு தயக்கம் இருக்கத்தான் செய்தது. இந்த நாட்டின் குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் தகுதி எனக்கு வந்து வெகுநாளாகிறது. அதைப் பெற்றால் இந்தியக் கடவுச்சீட்டைக் கொடுத்துவிட வேண்டும். அதோடு எங்கள் ஊரில் வாக்களிக்கும் உரிமையும் போய்விடும். அதனால் தள்ளிப்போட்டு வருகிறேன். ஊரில் என் பெயர் பட்டியலில் இருந்தாலும் வாக்குச்சாவடிக்குப் போக முடிவதில்லை. இங்கே சாவடி பக்கத்துத் தெருவில் இருந்தாலும் பட்டியலில் பெயரில்லை. இரண்டு நாடுகளிலும் நான் யாருக்கும் மேலதிகாரி இல்லை என்று அந்த வாசலில் நினைத்துக்கொண்டேன். உடனே, 'இங்க இல்லாதவங்களுக்கும் சேத்துத்தான்' என்ற குரல் காதில் கேட்டது.

உள்ளே நரைத்த தலையோடு ஒரு மனிதர் எழுந்து கை கொடுத்தார். நான் முதலிலேயே சொல்லிவிட்டேன்: "நான் உங்கள் வாக்காளர் இல்லை." என் ஜெர்மனில் வேற்றுமையுருபுகள் தடுமாறின. கயல் தரையைப் பார்த்தாள். அவர், "நீங்கள் இந்த ஊரில்தானே வசிக்கிறீர்கள்? சொல்லுங்கள்" என்றார். சொன்னேன். பேருந்து, ஷிப்ட், பனி, வழுக்கி விழுந்து மணிக்கட்டு முறிந்த பெண். சத்தமாகத்தான் சொன்னேன், வெளியே காத்திருந்தவர்கள் எட்டிப் பார்க்கும் அளவுக்கு. போக்குவரத்து நிறுவனத்திடம் பேசுவதாகவும், அடுத்த சந்திப்புக்குள் பதில் தருவதாகவும் சொன்னார். பேருந்து வருமா என்று இன்று எனக்குத் தெரியாது.

பிறகு கயல் தன் கேள்வியைக் கேட்டாள். வழியில் என்னிடம்கூடச் சொல்லவில்லை.

"உங்களால் முடியாமல் போனவற்றை மக்களிடம் முதலில் சொல்வீர்களா?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "முதலில் சொல்வதில்லை," என்றார். பிறகு, "இந்தக் கேள்வியை எங்கே பிடித்தாய்?" என்று கேட்டார்.

"எங்க ஊர்ல," என்று கயல் ஜெர்மனில் சொன்னாள். அவள் பிறந்தது இந்த நகரத்தில். நான் திருத்தவில்லை.

வீடு திரும்பும் வழியில் அப்பாவின் அழைப்பு வந்தது. பின்னணியில் மழைச் சத்தம். எங்கள் எம்.பி. வாதாடிப் பெற்ற சுரங்கப்பாதை வேலை கோடையில்தான் முடிந்திருந்தது. நீரைச் சேர்க்கும் தொட்டி, அதிலிருந்து வயல்களைத் தொடாமல் ஏரிக்குப் போகும் தனிக் கால்வாய், மேலே கூரை. உண்மையான சோதனை மழைதான் என்பதால் எல்லாரும் ஐப்பசிக்குக் காத்திருந்தார்கள்.

"மூணு நாளா விடாம ஊத்துது பாப்பா. இன்னிக்கி அம்மாவ ஏழுமலை ஆட்டோவுல நேரா அதுக்குள்ளாறதான் கூட்டிகினு போனோம். டயரு நனையல."

"அம்மா எப்படியிருக்காங்க?"

"கேட்டியா, உன்னப் பத்திதான் கேக்கறா," என்று அவர் திரும்பிச் சொல்ல, "எனக்கென்னா? இவரு அங்க வண்டிய நிறுத்தச் சொல்லி எறங்கி, செவுத்தத் தடவிப் பாத்துகினு நிக்கிறாரு. ஆஸ்பத்திரிக்கு லேட்டானது இவராலதான்," என்று அம்மாவின் குரல் கேட்டது. அந்தக் குரலில் மூச்சிரைப்பு இல்லை.

மாலை பேருந்து நிலையத்தில் மாதக் கூட்டமும் நடந்ததாம். குடைகளோடு நல்ல கூட்டம். எம்.பி. வழக்கம்போல, "மொதல்ல, முடியாதது" என்று ஆரம்பித்திருக்கிறார். "அத அப்புறம் சொல்லுங்கம்மா, சுரங்கப்பாதையச் சொல்லுங்க!" என்று நாலாபுறமும் கத்தியிருக்கிறார்கள். அவர் அசையவில்லை. நடக்காததையெல்லாம் ஒப்பித்து முடித்துவிட்டு, கடைசியில், "சுரங்கப்பாதை முடிஞ்சிது" என்று இரண்டே சொற்களில் சொன்னாராம். பேருந்து நிலையம் அதிரக் கை தட்டியிருக்கிறார்கள்.

"நீங்க தேங்க்ஸ் சொன்னீங்களாப்பா?"

"தேங்க்ஸா? மேலதிகாரி எங்கயாவது தேங்க்ஸ் சொல்லுவானா? எழுந்திரிச்சி நின்னு, 'நோட்டட். அந்த ரயில் நிறுத்தம் என்னா ஆச்சி?'ன்னு கேட்டேன். சத்தமாதான் கேட்டேன்."

கைப்பேசியில் காது வைத்திருந்த கயல் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அதுக்கு அவங்க என்னப்பா சொன்னாங்க?"

"என்னா சொல்லுவாங்க? நாற்காலிய விட்டு எழுந்து நின்னாங்க. 'அடுத்த மாசம் சொல்றேங்க சார்'ன்னாங்க."